சோபாவுக்குள் 12 விநாடி

ஊர் விட்டு ஊர் வந்த நம் வீடுகளில் கட்டில், பீரோவுக்கு அடுத்து வந்து சேரும் பெரிய சாமான் சோபாதான். புனேயில் நான் வாங்கப் போனபோது நிறம், விலை இரண்டைத்தான் பார்த்தேன். உள்ளே இருக்கும் ஃபோமுக்கு ஒரு வரலாறே இருக்கிறது!

கலிபோர்னியாவில் 1975-இல் ஒரு விதி வந்தது. ஃபோமில் 12 விநாடி நெருப்பைக் காட்டினாலும் அது பற்றி எரியக் கூடாது. நல்ல எண்ணம்தான். ஆனால் ஃபோம் லேசில் எரியும் சரக்கு. சோதனையில் தேற, கம்பெனிகள் தீத்தடுப்பு ரசாயனங்களைக் கலந்தன. மாநிலத்துக்கு ஒரு சோபா யார் செய்வார்கள்? அதே சரக்கு மற்ற மாநிலங்களுக்கும் போனது.

ரசாயனம் ஃபோமிலேயே நிற்பதில்லை, தூசியோடு தரையில் இறங்கும். தவழும் குழந்தை அந்தக் கையை வாயில் வைக்கும். 1970-களில் ஆர்லீன் பிளம், புரூஸ் ஏம்ஸ் ஆய்வுகளுக்குப் பிறகு குழந்தைகளின் இரவு உடையிலிருந்து விலக்கப்பட்ட 'டிரிஸ்' வகை ரசாயனம், சோபா வழியாக வீட்டுக்குள் திரும்பி வந்தது. என்ன கொடுமை!

இதில் வேடிக்கை, சிகரெட் விழுந்தால் முதலில் கனல்வது மேல்துணி. விதி சோதித்ததோ உள்ளே இருக்கும் ஃபோமை!

2013-இல்தான் திருத்தினார்கள். இனி கனலும் சிகரெட்டை வைத்துச் சோதித்தால் போதும், ரசாயனம் தேவையில்லை. 2021-இல் இது அமெரிக்கா முழுவதற்கும் விதியானது. தீ எங்கே பிடிக்கிறது என்று பார்க்காமல் போட்ட விதியை மாற்ற 38 வருஷம்.

அமெரிக்காவிலிருந்து சாமான்களோடு ஊர் திரும்பும் சொந்தக்காரர் தன் பழைய சோபாவைத் தந்தால், அடியில் லேபிளைப் பாருங்கள். 'டிபி 117' என்பதோடு '2013'-உம் இருந்தால், அது புது விதிப்படி செய்தது.