அடிமாட்டு விலையும் நயமும்

1978ஆம் ஆண்டின் முற்பகுதி என்று நினைவு. கொழும்பில் நான் உதவி ஆசிரியராகப் பணியாற்றிய பத்திரிகைக்கு யாழ்ப்பாண நிருபரிடமிருந்து ஒரு செய்தி வந்திருந்தது. முதலாண்டு நவம்பரில் வந்த வரவு செலவுத் திட்டம் நாட்டின் கதவுகளை இறக்குமதிக்குத் திறந்துவிட்டிருந்தது. 1970 முதல் 1977 வரை இறக்குமதிக் கட்டுப்பாட்டின் நிழலில் மிளகாயும் வெங்காயமும் செய்து கல்வீடு கட்டிய வடபகுதித் தோட்டக்காரர்கள், கப்பலில் வந்திறங்கிய மூடைகளைப் பார்த்து விழி பிதுங்கி நின்ற காலம். அந்தச் செய்திக்கு நான் இட்ட தலைப்பு: 'யாழ். வெங்காயம் அடிமாட்டு விலையில்'.

ஒப்புநோக்காளர் ஒருவர் அதனை 'அடிமட்ட விலையில்' என்று திருத்தினார். மாடு என்ற சொல் முதற் பக்கத்தில் வருவது அவருக்குப் பிடிக்கவில்லை. நானும் விடவில்லை. அடிமட்டம் என்பது எமது பள்ளிக்கூடங்களில் கோடு வரையும் பன்னிரண்டு அங்குலத் தடி அல்லவா, வெங்காயத்தைத் தடியால் அளந்தா விற்கிறார்கள் என்று வாதாடினேன். வாதம் முற்றி, இருவரும் ஆசிரியரின் மேசைக்குப் போனோம். வேட்டி கட்டிய, குறைவாகப் பேசும் மனிதர் அவர். தாளை வாங்கிப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்:

"தம்பி, நீர் எப்பவாவது மாடு வித்திருக்கிறீரோ?"

இல்லை என்றேன்.

"அப்ப இந்தச் சொல்லை ஏன் எடுத்தனீர்?"

பிறகு அவர் சொன்ன விளக்கம் ஏறத்தாழ இது. ஏர் மாடும் வண்டில் மாடும் விலைப்படும்போது வாங்குபவன் பல்லைப் பிடித்துப் பார்ப்பான், சுழி பார்ப்பான், நடக்கவிட்டுப் பார்ப்பான். பால் மாடென்றால் எத்தனையாம் ஈற்று, எத்தனை போத்தல் பால் என்று கேட்பான். அந்த விலையில் மாட்டின் உழைப்புக்கும் இனி உழைக்கப் போவதற்கும் ஓர் இடம் உண்டு. அடிமாட்டுக்கு அந்தக் கேள்விகள் எவையும் இல்லை. இறைச்சி எவ்வளவு தேறும், தோல் என்ன பெறும் என்ற கணக்கு ஒன்றே. பதினைந்து ஆண்டு உழுத மாடென்பதற்காக ஒரு சதமேனும் கூட்டிக் கொடுப்பவர் கிடையாது. ஆகவே அடிமாட்டு விலை என்பது வெறுமனே குறைந்த விலை அன்று. பொருளின் மெய்யான பெறுமதியைக் கணக்கிலேயே எடுக்காத விலை. வெங்காயம் வெங்காயமாகத்தான் விற்கப்படுகிறது, வேறு வெங்காயம் வந்து குவிந்ததால் இறங்கியிருக்கிறது, அதற்குப் பெயர் மலிவு என்று சொல்லித் தலைப்பைத் தாமே எழுதிக் கொடுத்தார். எங்கள் இருவருடைய திருத்தமும் குப்பைக் கூடைக்குப் போயிற்று.

அன்று எனக்குச் சற்றுக் கோபம்தான். விலை சரிந்து அழியும் தோட்டக்காரனுக்கு அது மலிவா, அடிமாட்டு விலையா என்ற நுணுக்கம் எதற்கு என்று எண்ணினேன். இன்றும் அந்த எண்ணம் முழுதாக அகலவில்லை. ஆயினும் சொல்லைப் பொறுத்தவரை ஆசிரியர் சொன்னதே சரி. 'மலி' என்றால் நிறைதல், பெருகுதல். மலிவு என்ற சொல்லுக்குள்ளேயே விலை இறங்கியதன் காரணம் அடங்கியிருக்கிறது. அடிமாட்டு விலைக்குள் இருப்பது வேறு காரணம். அங்கே பொருள் பெருகவில்லை. விற்பவனுக்கு வழி இல்லை.

தமிழ்நாட்டிலும் இச்சொல் தாராளமாக வழங்குகிறது. பொள்ளாச்சிச் சந்தையிலிருந்து கேரளத்துக்கு லொறிகளில் ஏற்றப்படும் மாடுகளை அங்குள்ள பத்திரிகைகள் அடிமாடுகள் என்றே எழுதுகின்றன. எமது ஊர்ச் சைவக் குடும்பங்களிலோ இச்சொல்லுக்கு இன்னொரு சுமையும் உண்டு. உழுத மாட்டை இறைச்சிக்கு விற்றவன் என்ற பெயர் எடுக்க எவரும் விரும்புவதில்லை. விற்பவர் 'வளர்க்கத்தான் கொண்டு போகினம்' என்பார். வாங்குபவரும் அப்படியே தலையாட்டுவார். விலை மட்டும் இருவருக்கும் உண்மையைச் சொல்லிவிடும்.

யாழ்ப்பாணத்துப் பேச்சிலே விலைக்கு வழங்கும் சொற்கள் சுவையானவை. அளவுக்கு மீறிய விலையை 'அறாவிலை' என்போம். என் கருத்தில், பேசி அறுத்து முடிக்க இயலாத விலை என்பதால் வந்த பெயராக இருக்கலாம். குறைந்த விலைக்கு எமது சொல் 'நயம்'. 'இண்டைக்கு மீன் நயம்' என்றால் மீன் மலிவு என்று பொருள். தமிழ்நாட்டு நண்பர் ஒருவருக்கு இது விளங்கவேயில்லை. அவர் ஊரில் நயம் பருப்பு என்றால் உயர்ந்த பருப்பு, விலையும் கூட. நயம் என்பது நன்மையையும் இலாபத்தையும் குறிக்கும் சொல். ஆகவே மலிவை நயம் என்பவன் வாங்குபவனாகத்தான் இருக்க வேண்டும். தன் பொருளை 'நயமாக விற்றேன்' என்று கூறி எவரும் மகிழ்ந்ததை நான் கேட்டதில்லை. விற்பவன் வாயிலிருந்து வருவது அடிமாட்டு விலை என்ற சொல்லே. ஒரே தொகைக்கு இரண்டு பெயர்கள்.

விற்பவனின் இந்த முறைப்பாட்டைச் சட்டமும் ஒரு காலத்தில் காது கொடுத்துக் கேட்டது. உரோமப் பேரரசர் டயோக்கிளீசியன் பெயரில் 285ஆம் ஆண்டளவில் எழுந்து, ஆறாம் நூற்றாண்டில் ஜஸ்டீனியனின் சட்டத் தொகுப்பில் இடம் பெற்ற விதி ஒன்றுண்டு. நிலத்தை அதன் உண்மைப் பெறுமதியில் பாதிக்கும் குறைவாக விற்றவர் அவ்விற்பனையைத் தள்ளிவிடும்படி கேட்கலாம். வாங்கியவர் காணியைத் திருப்பிக் கொடுக்க வேண்டும், அல்லது குறைந்த தொகையை நிரப்பிக் கொடுக்க வேண்டும். எதைச் செய்வதென்ற தெரிவு வாங்கியவருடையது. இதனை 'லேசியோ எனோர்மிஸ்' என்பர். பெருநட்டம் என்று தமிழ்ப்படுத்தலாம். ஒல்லாந்தர் தமது உரோம-டச்சுச் சட்டத்தோடு இவ்விதியையும் இலங்கைக்குக் கொண்டுவந்தனர். பிரித்தானியர் 1799இல் வெளியிட்ட பிரகடனத்தால் பழைய சட்டங்கள் தொடர்ந்தன. ஆங்கிலேயச் சட்டமோ விலை போதுமா என்று பார்ப்பதில்லை. ஒரு மிளகை விலையாகக் கொடுத்தாலும் ஒப்பந்தம் ஒப்பந்தமே. தென்னாபிரிக்கா 1952இல் இவ்விதியை ஒழித்துவிட்டது. இலங்கையில் அது இன்னும் உயிரோடு இருக்கிறது.

தேசவழமை வேறு வகையில் சிந்தித்தது. ஒல்லாந்த திசாவை கிளாஸ் ஐசாக்ஸ் 1707இல் தொகுத்து, பன்னிரண்டு முதலியார்கள் பார்த்து ஒப்பிய அந்த வழக்காறுகளில், காணி விற்க விரும்புபவர் உரித்தாளருக்கும் பங்காளருக்கும் அயற்காணிக்காரருக்கும் ஈடு பிடித்தவருக்கும் முதலில் அறிவிக்க வேண்டும் என்றிருக்கிறது. காணி அந்நியர் கைக்குப் போகாதிருக்கவே இந்த ஏற்பாடு. ஆனால் நாலு பேருக்குத் தெரிந்த பின்னரே விற்பனை என்பதனால், இரவோடிரவாக ஒருவரை மடக்கி எழுதுவிப்பதும் கடினமாயிருந்திருக்கும். 1947ஆம் ஆண்டின் 59ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் இந்த முன்கொள்வனவு உரிமையைப் பங்காளருக்கும் உரித்தாளராகக் கூடியவர்க்கும் எனச் சுருக்கியது. அயலவர் விடுபட்டனர்.

இத்தனை காவல்கள் இருந்தும் போர்க்காலத்தில் அவை பயன்படவில்லை. காரணம் எளிது. பெருநட்ட விதி, விற்ற நாளின் சந்தைப் பெறுமதியோடுதான் விலையை ஒப்பிடும். ஊரே ஓடும்போது சந்தைப் பெறுமதியே அடிமாட்டு விலையாகிவிடுகிறது. பாதி எது, முழுமை எது? மேலும், பெறுமதி தெரிந்தே விற்றவருக்கு அவ்விதி கைகொடுப்பதில்லை. போரில் விற்றவர்கள் அனைவரும் தெரிந்தே விற்றவர்கள்.

1995 ஒக்டோபர் 30ஆந் திகதி வலிகாமத்து மக்கள் ஒரே இரவில் தென்மராட்சி நோக்கி நடந்தபோது, கொக்குவிலிலிருந்த என் அக்கா தம் பசுவையும் கன்றையும் அவிழ்த்துக்கொண்டு நாவற்குழிப் பாலத்தைக் கடந்தார். மழை வேறு. கொடிகாமத்தில் ஒரு மரத்தடியில் எட்டு நாட்கள் வைத்திருந்தார். வைக்கோலும் இல்லை, கட்ட இடமும் இல்லை. ஒன்பதாம் நாள் ஒருவர் வந்து கேட்டார். இரண்டாம் ஈற்றுப் பசு. நேரத்துக்கு நாலு போத்தல் கறக்கும் என்று அக்கா சொல்லத் தொடங்க, அந்த மனிதர், 'அது எனக்குத் தேவையில்லை அக்கா' என்றாராம். பின்னர் கொழும்பில் என்னைச் சந்தித்தபோது, கொண்டுவந்த நகைகளைப் பற்றியோ விட்டுவந்த வீட்டைப் பற்றியோ அக்கா முதலில் பேசவில்லை. 'அவன் பாலைப் பற்றிக் கேக்கேல்லையடா' என்றார். ஆசிரியரின் விளக்கம் எனக்கு அப்போதுதான் முழுமையாக விளங்கியது.

இக்கதையை மட்டும் சொல்லி நிறுத்துவது எனக்கு வசதியாக இருக்கும். நியாயமாக இராது.

அதற்குச் சரியாக ஐந்து ஆண்டுகளுக்கு முன்னர், 1990ஆம் ஆண்டின் அதே ஒக்டோபர் 30ஆந் திகதி, யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம் மக்களை இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேறும்படி விடுதலைப் புலிகள் பணித்தனர். உடுத்த துணியோடு போனவர்களில் மிகப் பலர் புத்தளத்து ஓலைக் கொட்டில்களில் வாழ்ந்தனர். பிள்ளையின் கலியாணத்துக்கும் வைத்தியச் செலவுக்குமாக, திரும்பிப் பார்க்க முடியாத வீடுகளை அவர்களிற் சிலர் விற்கத் தலைப்பட்டனர். தரகர்கள் கொழும்புக்கும் புத்தளத்துக்கும் இடையே அலைந்தனர். அப்படி ஒரு தரகர் மூலம், 1997இல், என் மாமா ஒருவர் சோனகத் தெருவை அண்டிய இரண்டு பரப்புக் காணியை வாங்கினார். ஓடும் கதவும் களவு போய், சுவர் மட்டும் நின்ற வீடு. ஓய்வு பெற்ற ஆசிரியரான மாமா நல்ல மனிதர், ஒருவரையும் ஏமாற்றி அறியாதவர். கேட்ட தொகையைத்தான் கொடுத்தார். உறவினர் கூடிய இடங்களில் 'நயமாய் வாங்கினனான்' என்று சொல்வார். நாங்களும் கேட்டுக்கொண்டிருந்தோம். நானும்தான்.

அந்த உறுதியின் பிரதி பின்னர் என் கைக்கு வந்தது. அதில் எழுதப்பட்ட தொகை மாமா கொடுத்ததிலும் பாதி. முத்திரை வரியைக் குறைக்கும் பழைய பழக்கம் இது. இன்று முதல் ஓர் இலட்சம் ரூபாவுக்கு 3 சதவீதமும் அதற்கு மேல் 4 சதவீதமும் அறவிடப்படுகிறது. வரி மதிப்பீட்டாளர் அதை ஏற்காது கூட்டிப் போடுவதும் நடக்கும். ஆனால் உறுதியில் முதலில் எழுதிய எண் எழுதியபடியே இருந்துவிடும். நாளை ஒரு வரலாற்று மாணவர் காணிக் கந்தோர் ஏடுகளைப் புரட்டி, அக்காலத்துக் காணி விலையை ஆராய முற்பட்டால் அவருக்கு என் அநுதாபம். மெய்ப் பெறுமதியிற் பாதி கொடுக்கப்பட்டு, கொடுத்ததிற் பாதி எழுதப்பட்ட ஏடுகள் அவை. இடம்பெயர்ந்தோரின் காணியை வேறொருவர் நீண்ட காலம் ஆண்டு உரிமை பெறுவதைத் தடுக்க 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் வந்தது. 1983 மே முதல் 2009 மே 18 வரையான காலம் அதில் அடங்கும். கைச்சாத்திட்டு விற்றவர் பெற்ற விலையைப் பற்றி அச்சட்டம் பேசவில்லை.

2002 ஏப்பிரலில் ஏ-9 பாதை திறக்கப்பட்டது. அடுத்த ஆண்டு நான் யாழ்ப்பாணம் சென்று மாமா வீட்டில் தங்கியிருந்தபோது, ஒரு முற்பகல், தொப்பி அணிந்த முதியவர் ஒருவர் பேரனுடன் படலையில் வந்து நின்றார். மாமா எழுந்து போய், "வாங்கோ நானா" என்று அழைத்து வந்து இருத்தினார். மாமி தேநீர் கொண்டுவந்தார். மாமா புதிதாக ஓடு போட்டிருந்தார், திண்ணையை அகட்டியிருந்தார். முதியவர் அவற்றை நிமிர்ந்து பார்த்துவிட்டு, நல்லாச் செய்திருக்கிறீங்கள் என்றார். சிறிது நேரம் புத்தளத்துக் குடிதண்ணீரின் உவர்ப்பைப் பற்றிப் பேச்சு நடந்தது.

பின்பு அவர் கேட்டார்: "இப்ப இந்தப் பக்கம் பரப்பு என்ன போகுது, மாஸ்டர்?"

மாமா ஒரு தொகையைச் சொன்னார். பாதை திறந்த பின் விலை எவ்வளவு ஏறியிருந்தது என்பது எனக்குத் தெரியும். முதல் நாளிரவு அவரே எனக்குச் சொல்லியிருந்தார். இப்போது சொன்னது அதில் மூன்றில் ஒரு பங்கு.

முதியவர் சிரித்தார். "நான் சந்தியில விசாரிச்சிட்டுத்தான் வாறன், மாஸ்டர்" என்றார்.

மாமா நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். முதியவர் தேநீரைக் குடித்து முடித்துக் கோப்பையைத் திண்ணையில் வைத்துவிட்டு, பேரனுக்குக் கிணற்றைக் காட்டலாமா என்று கேட்டார்.