அல்லாஹ் என்னும் பெயர்: சொல் வரலாறும் தமிழ் வழக்கும்

ஒளியையும் ஞாயிற்றையும் குறிக்கும் ‘எல்’ என்னும் செந்தமிழ்ச் சொல்லே மேனாடு சென்று, எபிரேயரிடத்து ‘ஏல்’ எனவும் அரபியரிடத்து ‘அல்லாஹ்’ எனவும் ஆயிற்றென்று அன்பர் சிலர் எழுதியும் பேசியும் வருகின்றனர். குற்றாலத்துச் சாரற்பருவத்திற் கூடும் புலவர் குழாங்களில் இக்கருத்துப் பலகாலும் எம் செவிக்கு எட்டியதுண்டு. தமிழ்ப்பற்றினால் இங்ஙனங் கூறுவாரைக் கடிதல் எம் நோக்கமன்று. ஆயினும் பிறர் வழிபடும் முழுமுதலின் பெயர்க்குப் பொருள் கூறப் புகுவோர், அப்பெயர் பிறந்த மொழியின் இலக்கணத்தை முதற்கண் வினவுதலே முறையாம். ‘சிவ’ என்னுந் திருப்பெயர்க்கு நம் நூல்களைத் திறந்தும் பாராத பிறநாட்டார் ஒருவர் தம் மொழியினின்று பொருள் கற்பிப்பின் யாம் அதனை ஒப்புவமோ?

அரபுச் சொற்களுட் பெரும்பாலன மூன்று மெய்களை வேராகக் கொண்டு, இடையிடையே உயிர் மாறுதலாற் பல பொருளவாக விரிவன. அம்மொழியில் ‘இலாஹ்’ என்பது வழிபடப்படும் பொருள் எதற்கும் உரிய பொதுப்பெயர். அதற்கு ‘ஆலிஹா’ எனப் பன்மையும் உண்டு. அதன்முன் ‘அல்’ என்னுஞ் சுட்டிடைச்சொல் சேர்ந்து ‘அல்-இலாஹ்’ என நின்று, இடையிலுள்ள எழுத்துக் கெட, லகரம் இரட்டித்து ‘அல்லாஹ்’ என முடிந்தது என்பது அரபு இலக்கணிகளுள் ஒரு சாரார் கொள்கை. 8ஆம் நூற்றாண்டிற் பசரா நகரத்து வாழ்ந்த பேராசிரியர் சீபவைஹி, கெட்ட எழுத்தின் ஈடாகவே அச்சுட்டு நின்றதென்பர். வேறு சிலர், மனம் மருண்டு திகைத்தல் என்னும் பொருளுடைய வினையடியினின்றும், புகலடைதல் என்னும் பொருளுடைய வினையடியினின்றும், மறைந்திருத்தல் என்பதனின்றும் இதனை வருவிப்பர். மற்றொரு சாரார், இஃது எச்சொல்லினின்றும் பிறவாது இயல்பாகவே இறைவனுக்கு அமைந்த தனிப்பெயர் என்ப.

மடத்தில் நன்னூற் பாடங் கேட்டாருக்கு இவ்வழக்குப் புதிதன்று. காரணப்பெயரோ இடுகுறிப்பெயரோ என்பதே ஆண்டும் எழுந்த வினா. நம் உரையாசிரியர்கள் ‘காரணவிடுகுறி’ என ஒன்று வகுத்து, ‘முக்கணன்’ என்பதனை அதற்கு எடுத்துக்காட்டுவர். மூன்று கண்ணுடைமை என்னுங் காரணம் கருதியபொழுது அச்சொல் விநாயகக் கடவுள் முதலிய பலர்க்கும் பொதுவாம். அது கருதாதபொழுது சிவபெருமான் ஒருவர்க்கே சிறப்பாம். ‘அல்-இலாஹ்’ என்பதும் அத்தகைத்தே. ‘அந்த வழிபடுபொருள்’ என்ற அளவில் அது பொது. ‘அல்லாஹ்’ எனத் திரிந்து நின்றபின் ஒருவனுக்கே உரித்து. இதற்குப் பன்மையும் இல்லை, பெண்பாலும் இல்லை. எம் மனம் முதற்கொள்கையின்பாலே சாய்கின்றது; ஏனெனில் உடன்பிறந்த மொழிகள் அதற்குச் சான்று பகர்கின்றன. எபிரேயத்தில் ‘எலோவா’, ‘எலோஹிம்’, அரமேயத்தில் ‘எலாஹ்’, சிரியாக்கில் ‘அலாஹா’, இவையனைத்தினும் பழைய அக்காதிய மொழியில் ‘இலு’. பாபிலோன் என்னும் ஊர்ப்பெயரை ‘இறைவன் வாயில்’ என்று அந்நாட்டார் பொருள்கொண்டது இவ்விலுவைக் கொண்டே. நம் தென்காசித் தெருக்களில் நாளும் கேட்கும் ‘இஸ்மாயில்’ என்னும் பெயரின் ஈறும் அதுவே. ‘இறைவன் கேட்டருள்வன்’ என்பது அப்பெயரின் பொருள்.

இனி ‘எல்’ என்பாரின் கூற்றை ஆராய்வாம். தொல்காப்பியச் சொல்லதிகாரம் ‘எல்’ என்பதற்கு விளங்குதற்பொருள் கூறும் என்பது உண்மை. அக்காதியத்து ‘இலு’, அரபியத்து ‘இலாஹ்’ இரண்டும் இகர முதலாதலின், அக்குடும்பத்தின் பழைய உயிர் இகரமே. எபிரேயத்தில் மட்டும் அவ்விகரம் அழுத்தம் பெற்றுழி ஏகாரமாய்த் திரிந்தது. ஆகவே ‘எல்’லோடு ஒக்கும் ஒலி, ஒரு கிளைமொழியிற் பிற்காலத்து நேர்ந்த திரிபே. வேரில் இல்லாத ஒற்றுமையைத் தளிரிற் கண்டு வேரும் ஒன்றென்றல் பொருந்தாது. ‘அல்லா’ என்பது தமிழில் எதிர்மறைப் பெயரெச்சமாகவும் வருதல் கண்டு, ‘இதுவல்லாத, அதுவல்லாத பொருள்’ எனச் சிலேடை கூறுவாரும் உளர். ஹகரவொற்றைத் தமிழ்நா ஒலியாது விட்டமையான் வந்த போலி அது. அவைக்களத்தில் நகைப்பதற்கன்றி நூலில் எழுதுதற்கு ஆகாது.

வடமொழியாளரிடத்தும் இத்தகைய முயற்சி நிகழாமலில்லை. அல்லோபநிடதம் என ஒன்று, அதர்வ வேதத்தைச் சார்ந்ததென்று வழங்கிற்று. அக்பர் காலத்து எழுந்ததென்று கருதப்படும் அதனைத் தயானந்த சரசுவதிகளே பொய்ந்நூல் என்று ஒதுக்கினர். பிறையைக் கண்டு, அல்லாஹ் என்பது திங்கட் கடவுளின் பெயரென்றும், ஆதலின் பிறைசூடிய பெருமானே அவன் என்றும் உரைப்பாரும் உளர். குர்ஆன் ஞாயிற்றையும் திங்களையும் வணங்கற்க என்று வெளிப்படையாகவே விலக்குகின்றது. பிறை அவர்க்கு மாதக்கணக்கின் அடையாளம். கொடிச்சின்னமாக அது பரவியது பெரிதும் துருக்கிய உதுமானிய ஆட்சியில். நம் பெருமானின் சடைப்பிறைக்கும் அதற்கும் இயைபு தேடுதல் இரு சமயத்தார்க்கும் நன்மை பயவாது.

இப்பெயர் முகம்மது நபியவர்கள் புதிதாகப் படைத்துக்கொண்டதன்று. அவர்தம் தந்தையாரின் பெயரே அப்துல்லாஹ், அஃதாவது அல்லாஹ்வின் அடியான். அக்காலத்து மக்கா நகரத்தார் அல்லாத்து, உஸ்ஸா, மனாத்து என்னும் பெண்தெய்வங்களை வழிபட்டனர்; எனினும் வானும் நிலனும் படைத்தவன் யாவன் என வினவின், அல்லாஹ் என்றே விடைகூறுவர் எனக் குர்ஆனே சான்றுரைக்கும். பெயர் அவரிடத்து முன்னரே இருந்தது. ஏனையவற்றை அப்பெயர்க்கு இணையாக வைத்தலே விலக்கப்பட்டது. அரபியக் கிறித்தவர் வழக்கும் பழமையுடைத்து. சிரியாவில் அலெப்போ நகர்க்கு அணித்தாகிய சபத் என்னுமிடத்தில், கி.பி. 512இல் கிரேக்கம், சிரியாக்கு, அரபு என்னும் மும்மொழியிற் பொறித்த கிறித்தவக் கல்லெழுத்தில் ‘அல்-இலாஹ்’ என்னுஞ் சொல் காணப்படுகின்றது. ஹிஜ்ரா ஆண்டு தொடங்கிய 622க்கு அது 110 ஆண்டு முற்பட்டது. இன்றும் அரபு விவிலியத்தில் இறைவன் பெயர் அல்லாஹ் என்பதே. மால்ட்டாத் தீவின் கத்தோலிக்கர் ‘அல்லா’ என்றே இறைஞ்சுவர். இவ்வரலாறு இருந்தும், நம் தமிழ்மக்கள் பலர் வாழும் மலேசியாவில், மலாய் மொழிக் கிறித்தவ இதழ் ஒன்று இப்பெயரை வழங்கலாகாதென 2013இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2021இல் வேறொரு வழக்கில் உயர் நீதிமன்றம் கிறித்தவ நூல்களில் வழங்குதற்கு இடந்தந்தது. சொல்லின் வரலாறு நீதிமன்ற வாயிலுக்கும் சென்று நிற்கும் காலம் இது.

அற்றேல், தமிழ் முஸ்லிம்கள் இறைவனைக் கடவுள் என்றொழியாது அரபுப் பெயரையே போற்றி வைத்தமை என்னை எனின், அவர்தம் மூலமந்திரத்தை நோக்குக. அதன் முற்பகுதியில் ‘இலாஹ்’ என்னும் பொதுப்பெயரும் ‘அல்லாஹ்’ என்னும் சிறப்புப்பெயரும் அடுத்தடுத்து நிற்கின்றன. பொதுப்பெயர்க்குரியார் பிறர் இலர் என விலக்கிச் சிறப்புப்பெயரை நிறுவுதலே அதன் கருத்து. இரண்டனையும் கடவுள் என்றே பெயர்த்தால் ‘கடவுளன்றிக் கடவுள் இல்லை’ என்றாகி, விலக்கும் நிறுவலும் ஒருங்கே கெடும். ஆகவே தமிழில் அவர் பொதுப்பெயர்க்கு ‘நாயன்’ என்னும் சொல்லைக் கொண்டு, சிறப்புப்பெயரை அரபிலேயே நிறுத்தினர். இந்நாயன் என்னுஞ் சொல் சைவர்க்கு எத்துணை நெருக்கமானது! பிற்காலப் பாண்டியர் கல்வெட்டுக்களிற் சிவபெருமானே ‘நாயனார்’ எனக் குறிக்கப்படுதலும், அறுபத்துமூவர்க்கு அப்பெயர் வழங்குதலும் யாவரும் அறிவர். இஸ்லாமியர் இறைவனை நாயன் என்றும், நபியை நாயகம் என்றும் வழங்குவர். ‘ஆண்டவன்’ என்பதும் அவ்வாறே. கடையத்தை அடுத்த பொட்டல்புதூரிலே, 1166இற் பக்தாதில் அடங்கிய அப்துல் காதிர் ஜீலானி என்னும் பெரியார் பெயரால் விளங்கும் பள்ளியை ‘முகையதீன் ஆண்டவர்’ பள்ளி என்பர். இந்துக்களும் ஆண்டுச் சென்று நேர்ச்சை செலுத்துவர். இறைவனுக்கு ‘ஆண்டவன்’ என்னும் ஒருமையும், அடியார்க்கு ‘ஆண்டவர்’ என்னும் உயர்வுப்பன்மையும் அமைந்தமை காண்க. ஒருவனாகிய இறைவனைப் பன்மையாற் கூற அவர் நா எழுவதில்லை; இவ்வேறுபாட்டைத் தமிழின் மரியாதை விகுதியே காத்துத் தருகின்றது.

பராக்கிரம பாண்டியன் 15ஆம் நூற்றாண்டில் விசுவநாதர்க்குத் திருக்கோயில் எடுத்த இத்தென்காசியே, தமிழ்ச் சூபியருள் தலைசிறந்த பீர்முகம்மது அப்பா அவர்களையும் ஈன்றது என்பதைச் சைவர் பலர் அறியார். 17ஆம் நூற்றாண்டினராகக் கொள்ளப்படும் இவர், நெசவுத் தொழில் செய்து வாழ்ந்து தக்கலையில் அடங்கியவர். பீர்மேடு என்னும் மலையிடம் அவர் தவமிருந்தமையாற் பெயர்பெற்றதென்ப. அவர் பாடிய ஞானப்புகழ்ச்சி, ஆண்டுதோறும் ரஜப் மாதத்தில் தக்கலையில் இரவு முழுதும் பலரால் ஒருங்கே ஓதப்பெறுகின்றது. அதன்கண் அரபுப் பெயரும் தூய தமிழ்ப்பெயரும் விரவி வருகின்றன. சென்னையில் வாழ்ந்த குணங்குடி மஸ்தான் சாகிபு, தாயுமான அடிகளைப் பின்பற்றிப் பராபரக்கண்ணி பாடினார். அருளாளன் என்னும் பொருளுடைய அரபுப் பெயரைக் கொண்டு றகுமான் கண்ணியும் பாடினார். இவ்வடியார் எவரும் ‘எல்’லைத் தேடி அலையவில்லை. அரபுப் பெயரை அரபாகவே கொண்டு, அதன் பக்கத்திலே தமிழை இருத்தினர்.

சொல் பொதுவாதலாற் கொள்கையும் ஒன்றென்று கொள்ளற்க. பதியே அன்றிப் பசுவும் பாசமும் அநாதி என்பது நம் சித்தாந்தம். உயிர்கள் இறைவனாற் படைக்கப்பட்டன என்பது இஸ்லாம். அருவம், உருவம், அருவுருவம் என்னும் மூன்று திருமேனியையும் அருளால் மேற்கொள்ளும் பெருமானை யாம் வணங்குகின்றேம். அவர் இறைவனுக்கு உருவமே கூறார். ஒரு பெயரும் இல்லாப் பெருமானுக்கு ஆயிரம் பெயர் கூறி ஆடுவோம் என மணிவாசகப் பெருமான் அழைப்பதனையும், அவர்கள் தொண்ணூற்றொன்பது திருப்பெயர் எண்ணி ஓதுவதனையும் ஒப்பிட்டு இன்புறலாம்; அவ்வளவே. சிவஞானசித்தியார் பரபக்கத்திற் கூறப்பட்ட பதினான்கு மதங்களுள் இஸ்லாம் இல்லை. ஆகவே இச்சமயத்தைக் குறித்துப் பேசுங்கால் அருணந்தி தேவனாரைச் சான்றாக நிறுத்த இயலாது. அவர்தம் நூல்களைக் கொண்டே அவர்தம் கொள்கையை உணர்தல் வேண்டும்.

பீர்முகம்மது அப்பா ஞானரத்தினக் குறவஞ்சி என ஒரு நூலும் இயற்றியுள்ளார். தென்காசிக்கும் குற்றாலத்துக்கும் இடையிலுள்ள மேலகரத்துத் திரிகூடராசப்பக் கவிராயரின் குறவஞ்சியைப் பாடஞ் சொல்லும் ஆசிரியர்கள், அதனையும் உடன்வைத்து மாணவர்க்குக் காட்டலாம். குறி கூறும் மலைக்குறத்தியை இருவரும் எவ்வெவ் வழியிற் செலுத்தினர் என்பது தனியே எழுதத்தக்க பொருள்.