சேப்பாக்கமும் ஆறு தோட்டங்களும்

சேப்பாக்கம் என்ற பெயருக்கு ஓர் உருதுக் கதை உண்டு. ‘சே’ என்றால் ஆறு, ‘பாக்’ என்றால் தோட்டம். ஆர்க்காட்டு நவாபின் அரண்மனையைச் சுற்றி ஆறு தோட்டங்கள் இருந்தனவாம், அதனால் ஊர் ‘சே பாக்’ ஆயிற்றாம். இதற்கு இன்னொரு வடிவமும் உண்டு. ஆறு அல்ல, நான்கு. பாரசீகர்களின் ‘சார் பாக்’ என்ற நாற்கூற்றுத் தோட்டம்தான் தேய்ந்து சேப்பாக் ஆனது என்பார்கள். நவாப் உண்மை, அரண்மனை உண்மை, தோட்டங்களும் இருந்திருக்கும். பெயர்க் கதைதான் பொய்.

பொய் என்று இவ்வளவு துணிந்து சொல்லக் காரணம் கீழ்ப்பாக்கம். சேப்பாக்கத்தை ஆங்கிலேயர் சேப்பாக் என்று எழுதியதைப் போலவே கீழ்ப்பாக்கத்தைக் கில்பாக் என்று எழுதினார்கள். அங்கே ‘கில்’ என்பது எத்தனை தோட்டம் என்று இதுவரை ஒருவரும் கேட்கவில்லை. நுங்கம்பாக்கத்தைப் பழைய ஆங்கில ஏடுகள் கடைசி ‘அம்’ கெடாமல் எழுதின. சேப்பாக்கத்துக்கும் கீழ்ப்பாக்கத்துக்கும் அந்த வால் அறுந்தது. திருவல்லிக்கேணியை டிரிப்ளிகேன் ஆக்கியவர்களுக்கு இது பெரிய காரியமல்ல. வால் போன பிறகு எஞ்சிய ‘பாக்’கைப் பார்த்தவர்களுக்குத் தோட்டம் நினைவுக்கு வந்தது. அதற்குப் பக்கத்திலேயே ஒரு நவாபும் இருந்தார். கதை பிறக்க வேறென்ன வேண்டும்?

நம் எழுத்தும் இந்தக் கதைக்கு ஒத்துழைத்தது. தமிழில் எழுதும்போது தோட்டத்துக்கான ‘பாக்’குக்கும் பாக்கத்திலிருந்து வெட்டிய ‘பாக்’குக்கும் வேறுபாடு தெரிவதில்லை. காதுக்குத் தெரியும். பெங்களூர் லால்பாக்கில் இருப்பது மெலிந்து அதிரும் பகரம், கடைசியில் தொண்டையில் உரசும் ககரம். இந்தி கிரிக்கெட் வருணனையாளர்கள் தோட்டச் சொல்லை அன்றாடம் புழங்குபவர்கள். அவர்களே சேப்பாக்கத்தின் கிரிக்கெட் மைதானத்தை வல்லின ‘ப்’ போட்டுத்தான் சொல்கிறார்கள். இதில் ஒரு தோட்டம் ஒளிந்திருப்பதாக அவர்கள் காதுக்குப் படவில்லை.

பாக்கம் பழைய சொல். நெய்தல் நிலத்து ஊர்களைப் பட்டினம், பாக்கம் என்று நிகண்டுகள் சொல்லும். சிலப்பதிகாரத்தின் புகார் நகரம் மருவூர்ப்பாக்கம், பட்டினப்பாக்கம் என்று இரண்டாகப் பிரிந்து கிடந்தது; கடலை ஒட்டிய மருவூர்ப்பாக்கத்தில் வணிகரும் பரதவரும் கடல் கடந்து வந்த யவனரும் குடியிருந்தார்கள். மெரினாவிலிருந்து தெற்கே நடந்தால் நம் காலத்துப் பட்டினப்பாக்கம் வரும். சேப்பாக்கமும் அதே கரைதான். மைதானத்திலிருந்து கடல் அதிக தூரமில்லை. உள்ளே தள்ளிப் போனால் நுங்கம்பாக்கம், கோடம்பாக்கம், அரும்பாக்கம், விருகம்பாக்கம். சில இடங்களில் பகரம் வகரமாகி வில்லிவாக்கம், புரசைவாக்கம், வளசரவாக்கம். நுங்கம்பாக்கத்தின் பெயர் ராஜேந்திர சோழன் காலத்துத் திருவாலங்காட்டுச் செப்பேட்டிலேயே இருக்கிறது. இத்தனை பாக்கங்களுக்கு நடுவே ஒன்றை மட்டும் பிடித்து உருது என்று சொல்வது, ஒரே பந்தியில் உட்கார்ந்த அண்ணன் தம்பிகளில் ஒருவனை மட்டும் விருந்தாளி என்பது போல.

ஆக, பின்பாதியில் சிக்கல் இல்லை. முன்பாதியில்தான் ஆராய்ச்சிக்காரனுக்கு வேலை இருக்கிறது. ‘சே’ என்றால் சிவப்பு என்று பலரும் சட்டென்று சொல்லிவிடுவார்கள்: சேவடி, சேயோன். ஆனால் வல்லெழுத்துக்கு முன்னால் அந்தச் செம்மை ‘செம்’ என்றல்லவா நிற்கும்? செம்பாக்கம் என்றே ஓர் ஊர் தாம்பரத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது. எனவே சிவப்பை அந்த ஊருக்கே விட்டுவிடலாம்.

மீதி இரண்டு. ‘சே’ என்பது எருது. ‘சே’ என்பது ஒரு மரம். இந்த இரண்டையும் தொல்காப்பியர் கவனித்திருக்கிறார் என்பது வியப்பு. மரத்தின் பெயராக வந்தால் அடுத்த வல்லெழுத்துக்கு இனமான மெல்லெழுத்து நடுவே தோன்றும் என்கிறார். எருது என்றால் ‘இன்’ சாரியை வேண்டும் என்கிறார். சலவைத் துணிக்குக் குறி போடப் பயன்பட்ட சேங்கொட்டை அந்த மர விதியின்படியே நடக்கிறது. அப்படிப் பார்த்தால் மரத்துக்குச் சேம்பாக்கம் என்றும் எருதுக்குச் சேவின்பாக்கம் என்றும் வந்திருக்க வேண்டும். நம் ஊர் இரண்டுக்கும் பிடி கொடுக்காமல் சேப்பாக்கம் என்று ‘ப்’ இரட்டித்து நிற்கிறது. ஊர்ப்பெயர்கள் இலக்கணம் படித்துவிட்டு வருவதில்லை. இரட்டிப்பு பொதுவிதிக்கு ஒத்ததுதான். எருது என்றே எனக்குப் படுகிறது, அடித்துச் சொல்ல மாட்டேன். எருதோ மரமோ, இரண்டுக்கும் நவாபின் தயவு தேவையில்லை.

நவாபைச் சும்மா விடவும் கூடாது. முகமது அலி வாலாஜா கட்டிய சேப்பாக்கம் அரண்மனை 1768இல் எழுந்தது. கலச மகால், ஹுமாயூன் மகால் என்று இரண்டு பெரிய கட்டடங்கள். சுற்றிலும் 117 ஏக்கர் என்பார்கள். கட்டியது கம்பெனிக்காரர் பால் பென்ஃபீல்டு என்பது பொதுவான நம்பிக்கை. 1855இல் கடைசி நவாப் குலாம் கௌஸ் கான் வாரிசின்றி இறந்தார். பட்டத்தைக் கம்பெனி ஒழித்தது, அரண்மனை அரசின் கைக்குப் போனது. குடும்பம் பின்னாளில் இராயப்பேட்டை அமீர் மகாலுக்குக் குடியேறியது. 2012இல் கலச மகாலைத் தீ தின்றது. செப்பனிட்ட பிறகு இப்போது பசுமைத் தீர்ப்பாயம் அங்கே இருக்கிறது. பாரசீகத்துக்குச் சேப்பாக்கத்தில் உரிமையான இடங்கள் உண்டு. மைதானத்தை ஒட்டிய சாலையின் பெயரான ‘வாலாஜா’ உயர்ந்த பதவியைக் குறிக்கும் பாரசீகப் பட்டம். ‘மைதானம்’ என்ற சொல்லும் பாரசீகத்திலிருந்து வந்ததுதான். பாரசீகத்தைத் தேடியவர்கள் கண்முன்னே கிடந்ததை விட்டுவிட்டு ஊர்ப்பெயருக்குள் தோண்டியிருக்கிறார்கள்.

1846இல் தொடங்கிய மெட்ராஸ் கிரிக்கெட் கிளப் 1865இல் சேப்பாக்கத்துக்கு வந்தது. அப்போதிருந்து நெடுங்காலம் மைதானத்தின் பெயர் ‘எம்.சி.சி. கிரவுண்டு’. வெள்ளைக்காரர்களின் கிளப், அவர்களோடு ஆட வந்த இந்தியர்களுக்குப் பெவிலியனில் இடமில்லை, சாப்பாடு மரத்தடியில். அந்த அவமதிப்புக்குப் பதிலாகத்தான் புச்சிபாபு நாயுடு மெட்ராஸ் யுனைட்டெட் கிளப்பை வளர்த்தார். பின்னர் ஐரோப்பியரும் இந்தியரும் மோதிய ‘பிரசிடென்சி மேட்ச்’ வந்தது. அது பொங்கல் விடுமுறையில் நடந்ததால் ஊர்க்காரர்கள் அதைப் பொங்கல் மேட்ச் என்றார்கள். அந்தப் பெயர்தான் நின்றது. பிறகு ஜனவரியில் வந்த டெஸ்டுகளும் பொங்கல் டெஸ்ட் ஆயின.

1934 பிப்ரவரியில் ஜார்டைனின் இங்கிலாந்து அணி இங்கே சி.கே. நாயுடுவின் அணியை 202 ரன்னில் வென்றது; அமர்சிங்குக்கு ஒரே இன்னிங்ஸில் ஏழு விக்கெட், வெரிட்டிக்கும் ஏழு. அதே ஆண்டு நவம்பர் 4 அன்று ரஞ்சிக் கோப்பையின் முதல் ஆட்டம் மதராஸுக்கும் மைசூருக்கும் இடையே இங்கே தொடங்கி, அன்றைக்கே முடிந்தும் போனது. ஏ.ஜி. ராம்சிங் 11 விக்கெட் எடுத்தால் வேறெப்படி முடியும்? 1952 பிப்ரவரி 10 அன்று இந்தியா தன் முதல் டெஸ்ட் வெற்றியைக் கண்டதும் இங்கேதான். வினு மன்கட் இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து 12 விக்கெட்.

இதற்குப் பிறகு, பெயரைப் பின்தொடர்பவன் தடுமாறும் ஓர் இடைவெளி வருகிறது. 1956 முதல் 1965 வரை சென்னையின் டெஸ்டுகள் சேப்பாக்கத்தில் நடக்கவில்லை. சென்ட்ரலுக்குப் பின்னால், பின்னாளில் நேரு ஸ்டேடியம் ஆன கார்ப்பரேஷன் ஸ்டேடியத்தில் நடந்தன. மன்கட்டும் பங்கஜ் ராயும் நியூசிலாந்துக்கு எதிராக முதல் விக்கெட்டுக்கு 413 ரன் சேர்த்தது அங்கேதான். 2008 வரை உடையாமல் நின்ற அந்தச் சாதனையைச் சேப்பாக்கத்தின் கணக்கில் எழுதுபவர்களை அடிக்கடி பார்க்கிறேன். சென்னை, டெஸ்ட் என்ற இரண்டு சொல் சேர்ந்தாலே சேப்பாக்கம் என்று கை தானாக எழுதிவிடுகிறது. 1967இல் டெஸ்ட் திரும்பி வந்தது. அதன்பின் வேறெங்கும் போகவில்லை.

அரசாங்க ஏடுகளிலும் டிக்கெட்டிலும் இந்த மைதானத்தின் பெயர் எம்.ஏ. சிதம்பரம் ஸ்டேடியம். இந்தியக் கிரிக்கெட் வாரியத்துக்கும் மாநிலச் சங்கத்துக்கும் தலைமை வகித்த தொழிலதிபர், அண்ணாமலைப் பல்கலைக்கழகம் நிறுவிய ராஜா சர் அண்ணாமலை செட்டியாரின் மகன். ‘எம்.ஏ.’வைப் பட்டப்படிப்பு என்று எண்ணும் வெளியூர்க்காரர்கள் இருக்கிறார்கள்; அது தலைப்பெழுத்து. இந்தப் பெயரின் பயணமும் சுவையானது. முதலில் ஊர், ஊரிலிருந்து இறைவன், இறைவனிடமிருந்து மனிதர், மனிதரிடமிருந்து மறுபடி ஓர் இடம். சித்தும் அம்பரமும் சேர்ந்தது சிதம்பரம் என்பது வடமொழி விளக்கம். தேவாரத்தில் அது சிற்றம்பலம், அதிலிருந்து வடிவெடுத்ததே சிதம்பரம் என்று கொள்ளும் தமிழறிஞர்களின் பக்கம்தான் நான். அம்பலம் என்பது பலர் கூடும் பொதுவெளி. ஒரு செய்தி எல்லாருக்கும் தெரிந்தால் அம்பலமாயிற்று என்கிறோம். ஆயிரக்கணக்கானோர் கூடி ஒருவன் கேட்ச் விடுவதைப் பார்க்கும் இடத்துக்கு இதைவிடப் பொருத்தமான வேர்ச்சொல் அமையாது. பெயர் வைத்தவர்கள் அதை நினைத்து வைக்கவில்லை என்பது வேறு விஷயம்.

ஆனாலும் ‘சிதம்பரத்துல மேட்ச்’ என்று சொன்னால் பஸ் ஏறி நடராஜர் கோயிலுக்குப் போய்விடுவோம். நாளிதழ்கள் இரண்டையும் ஒட்டி ‘சேப்பாக்கம் எம்.ஏ. சிதம்பரம் மைதானம்’ என்று எழுதிச் சமாளிக்கின்றன. உள்ளே வேறு பெயர்கள் அடுக்கடுக்காக ஏறிவிட்டன: அண்ணா பெவிலியன், பட்டாபிராமன் கேட், 2023இல் திறந்த கலைஞர் கருணாநிதி ஸ்டாண்டு, நடுவே பல ஆண்டுகள் பூட்டிக் கிடந்த வெறும் எழுத்துப் பெயர்களான ஐ, ஜே, கே. சென்னை சூப்பர் கிங்ஸ் ரசிகர்கள் புதிதாக ‘அன்புடென்’ என்கிறார்கள். அன்புடன் என்ற நம் கடிதச் சொல்லுக்குள் சிங்கத்தின் குகைக்கான ஆங்கிலச் சொல்லைச் செருகிய சிலேடை. தமிழ்நாடு பிரீமியர் லீக்கில் (டி.என்.பி.எல்.) ஆடும் சென்னை அணிக்குச் சேப்பாக்கம் சூப்பர் கில்லீஸ் என்று பெயர். கிரிக்கெட்டுக்கு முன்பே தெருவில் ஆடிய கிட்டிப்புள்ளின் சின்னக் குச்சிதான் கில்லி. சென்னைத் தமிழில் அது சூரனைக் குறிக்கும். இவை எதுவும் சேப்பாக்கத்தை அசைக்கவில்லை. வேறு வகையில்தான் அது மாறியிருக்கிறது. தேர்தல் காலத்தில் சேப்பாக்கம் ஒரு தொகுதியின் பெயரில் பாதி, எழிலகத்தில் கோப்பு நகர்த்துபவருக்கு அது அலுவலகம். மற்ற எல்லாருக்கும் ஊர் சுருங்கி ஒரு புல்தரை ஆகிவிட்டது.

அந்தப் புல்தரையில் 1986 செப்டம்பரில், ஆஸ்திரேலியாவின் டீன் ஜோன்ஸ் இந்தியாவுக்கு எதிராக வெயிலில் வாந்தி எடுத்துக்கொண்டே 210 ரன் அடித்த டெஸ்ட், இரு அணிகளின் ரன்னும் சமமாகி ‘டை’யில் முடிந்தது. கடைசி ஓவரின் ஐந்தாம் பந்தில் கிரெக் மேத்யூஸ் மணீந்தர் சிங்கை எல்.பி. ஆக்கினார், மறுமுனையில் ரவி சாஸ்திரி பார்த்துக்கொண்டு நின்றார். டெஸ்ட் வரலாற்றில் இப்படி இரண்டுதான். முதலாவது 1960இல் ஆஸ்திரேலியாவும் மேற்கிந்தியத் தீவுகளும் மோதிய பிரிஸ்பேனில். அந்த மைதானத்தின் முறையான பெயர் பிரிஸ்பேன் கிரிக்கெட் கிரவுண்டு. எல்லாரும் சொல்வது ‘காபா’. அது இருக்கும் வூலுங்காபா என்ற பகுதியின் பெயரில் வெட்டியெடுத்தது. வூலுங்காபா பூர்வகுடிகளின் சொல். அதற்கு என்ன பொருள் என்பதிலும் ஒன்றுக்கு மேற்பட்ட கதைகள் உண்டு. ஸ்கோர் ஏடுகளில் அந்த இரண்டு டெஸ்டும் பிரிஸ்பேன், மெட்ராஸ் என்று நகரப் பெயரில்தான் இருக்கின்றன. பேசுபவர்களுக்கு ஒன்று காபா, மற்றது சேப்பாக். வெள்ளைக்காரன் நாக்கில் அதற்குத் தலை போயிற்று, இதற்கு வால்.