விளையாட்டுச் சத்தம், பேச்சுக் குரல், நடுவில் ஒரு திருகு

விளையாடும் பிள்ளைகள் இருக்கும் வீடுகளில் இந்தத் திருகைப் பார்த்திருப்பீர்கள். ஹெட்செட்டின் காதுமூடி ஓரத்தில் ஒரு சின்னச் சக்கரம். ஒரு பக்கம் உருட்டினால் துப்பாக்கியும் குண்டும் தூக்கும், மறுபக்கம் உருட்டினால் கூட விளையாடும் நண்பர்களின் பேச்சு தூக்கும். இரண்டும் ஒரே காதுக்குள் வந்து விழுவதால் யாராவது ஒருவர் பஞ்சாயத்து செய்தாக வேண்டியிருக்கிறது. அந்தப் பஞ்சாயத்துத் தலைவர்தான் இந்தச் சக்கரம்.

இது எப்போது தேவைப்பட்டது என்று பார்த்தால் கொஞ்சம் சுவாரசியம். 2002 நவம்பரில் மைக்ரோசாஃப்ட் எக்ஸ்பாக்ஸ் லைவ் தொடங்கியபோது பெட்டியோடு ஒரு ஹெட்செட்டும் கொடுத்தார்கள். அது ஒற்றைக் காதுக்கானது. விளையாட்டின் சத்தம் டிவியிலிருந்து வந்தது, நண்பனின் குரல் மட்டும் ஒரு காதில். அப்போது பஞ்சாயத்தே கிடையாது, டிவி ரிமோட் போதும். பிறகு இரண்டு காதையும் மூடும் ஹெட்செட்டுகள் வந்தன, டிவி ஊமையாயிற்று, எல்லாச் சத்தமும் காதுமூடிக்குள் குடியேறியது. 2008 வாக்கில் ஆஸ்ட்ரோ என்ற நிறுவனம் 'மிக்ஸ்ஆம்ப்' என்று திருகு வைத்த ஒரு சின்னப் பெட்டியையே தனியாக விற்றது. 2014ல் எக்ஸ்பாக்ஸ் ஒன்னுக்கு வந்த ஹெட்செட் அடாப்டரில் இதற்கென்றே பட்டன்கள். இப்போது பிஎஸ்5ல் திரையிலேயே ஒரு கோடு, இழுத்து வைத்துக்கொள்ளலாம்.

பொட்டி தட்டுகிறவன் ஹெட்செட் வரலாறு எழுதுவதில் அதிசயம் ஒன்றுமில்லை. ஆனால் நான் எழுத வந்தது அதைப் பற்றியல்ல. குரல் மேலே நிற்பதா, சத்தம் மேலே நிற்பதா, அதை யார் முடிவு செய்வது என்ற இந்த வழக்கு எங்கள் பாலக்காட்டுப் பக்கம் ரொம்பப் பழைய வழக்கு. மின்சாரம் வருமுன்பே அங்கே இதற்குத் தீர்ப்பு எழுதிப் பார்த்திருக்கிறார்கள்.

எங்கள் பக்கம் என்றால் கொழிஞ்சாம்பாறை. தெரியாதவர்களுக்கு: பொள்ளாச்சியிலிருந்து கோபாலபுரம் வழியாக எல்லை தாண்டினால் வரும் ஊர். வீட்டில் தமிழ், ஆபீசில் மலையாளம். சிற்றூர் தாலுகா கொச்சி ராஜ்ஜியத்தில் இருந்தது, பக்கத்துப் பாலக்காடோ மதராஸ் மாகாணத்து மலபார் ஜில்லாவில். 1956 நவம்பர் 1 அன்று இரண்டும் கேரளம் ஆயின. இரண்டு மொழிச் சத்தத்துக்கு நடுவே காதைத் தீட்டிக்கொண்டு வளர்ந்தவர்கள் நாங்கள்.

முதலில் கதகளி. பாலக்காடு மாவட்டத்து வெள்ளிநேழியில் ஒளப்பமண்ண மனை இருக்கிறது, கல்லுவழி பாணி வளர்ந்த இடம். கதகளியில் செண்டை முழங்கும்போது பக்கத்தில் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும், நெஞ்சுக்கூட்டில் வந்து அடிக்கும். அந்தச் செண்டையோடு மைக் இல்லாமல் விடிய விடியப் பாட வேண்டும். எப்படிச் சமாளித்தார்கள்? பொன்னானி என்கிற முதல் பாடகர் ஒரு வரியைப் பாடுவார், சிங்கிடி என்கிற இரண்டாமவர் அதையே திருப்பிப் பாடுவார். முதல் தடவை செண்டை விழுங்கிய சொல் இரண்டாம் தடவை காதுக்குக் கிடைத்துவிடும். பெண் பாத்திரம் மேடையில் இருக்கும்போது பொதுவாகச் செண்டை ஒதுங்கிவிடும், இடக்கை வரும். அதாவது சத்தத்தைக் குறைப்பதற்குப் பதில் வாத்தியத்தையே மாற்றிவிடுகிறார்கள். திருகு இல்லாத காலத்து மிக்ஸிங் இது!

கச்சேரிக்காரர்களுக்கு வேறு வழி. சுருதியை ஏற்று. அந்தக் காலத்து ஆண் பாடகர்கள் நாலு கட்டை, ஐந்து கட்டை என்று உச்சியில் பாடியது அழகுக்காக மட்டுமல்ல, பந்தலின் கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டுமே. உயர்ந்த குரல் கூட்டத்தின் இரைச்சலுக்கு மேலே ஏறி நிற்கும், தாழ்ந்த குரல் அதிலேயே கரைந்துவிடும். எங்கள் மாவட்டத்துச் செம்பை வைத்தியநாத பாகவதருக்கு அந்தக் குரல் இருந்தது. வெண்கல மணி மாதிரி.

1930களில் மைக் வந்தது. வந்த பத்திருபது வருடத்தில் கர்நாடக சங்கீதத்தின் உடம்பே மாறிவிட்டது என்று சொல்லலாம். கத்த வேண்டியதில்லை என்று ஆனதும் சுருதி இறங்கியது. சுருதி இறங்கியதும் மிருதங்கம் பெரிதானது, ஏனென்றால் வலந்தலையைப் பாடகரின் சுருதிக்குச் சேர்க்க வேண்டும். குட்டையான ஹெச்சு சுருதி மிருதங்கத்துக்குப் பக்கத்தில் நீளமான தக்கு சுருதி மிருதங்கம் வந்து உட்கார்ந்தது. ஒரு மின்சாரக் கருவி, தோலும் பலாமரமும் கொண்ட ஒரு வாத்தியத்தின் அளவை மாற்றியது என்பதை நினைத்தால் எனக்கு இன்னும் ஆச்சரியம்தான்.

இந்த இடத்தில்தான் பாலக்காடு மணி ஐயர் வருகிறார். 1912ல் பிறந்தவர். சாத்தபுரம் சுப்பையரிடம் ஆரம்பப் பாடம், பிறகு தஞ்சாவூர் வைத்தியநாத ஐயர். சிறு பையனாக இருந்தபோதே செம்பைக்கு வாசித்தவர். 1966ல் சங்கீத கலாநிதி, அந்தப் பட்டம் பெற்ற முதல் மிருதங்க வித்வான். (இன்றைய தலைமுறைக்கு: பாடகி நித்யஸ்ரீயின் தாய்வழித் தாத்தா.) புகழின் உச்சியில் இருந்த இந்த மனிதர் 1960களில் 'மைக் வைத்தால் வாசிக்க மாட்டேன்' என்று நின்றார். சபாக்காரர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். டிக்கெட் விற்றாகிவிட்டது, ஹால் பெரியது, வித்வானோ மைக்கை எடு என்கிறார்.

இதை வயதானவரின் பிடிவாதம் என்று எளிதாகத் தள்ளிவிடலாம். அப்படித் தள்ள எனக்கு மனம் வரவில்லை. மிருதங்கம் வெறும் தட்டு வாத்தியம் இல்லை. சி.வி.ராமன் 1920லேயே 'நேச்சர்' இதழில் இதைப் பற்றி எழுதியிருக்கிறார். சாதாரண முரசின் அதிர்வுகள் ஒன்றோடொன்று சேராது, மிருதங்கத்தின் வலந்தலையில் இருக்கும் கறுப்புச் சாதம் அந்த அதிர்வுகளைச் சுருதிக்கு இழுத்துக் கட்டிவிடுகிறது. இடது பக்கத் தொப்பியில் கச்சேரிக்கு முன் அப்பும் ரவைதான் அடிநாதம் தருகிறது. சாப்பு, மீட்டு, கும்கி என்று விரல் நுனியில் பிறக்கும் இந்த நயங்களை அன்றைய மைக்கும் குழாய் ஸ்பீக்கரும் என்ன செய்திருக்கும்? எல்லாவற்றையும் 'டம் டம்' ஆக்கியிருக்கும்.

அதைவிட முக்கியமான விஷயம் ஒன்று. மிருதங்கக்காரர் கச்சேரி முழுக்கத் திருகிக்கொண்டே இருக்கிறார். பல்லவி எடுக்கும்போது ஒரு அளவு, அனுபல்லவியில் குரல் மேலே போகும்போது ஒரு அளவு, ராக பாவம் நுணுக்கமாக வரும் இடத்தில் கையை அப்படியே வைத்துக்கொண்டு சும்மா இருப்பது, தனி ஆவர்த்தனத்தில் குரல் முழுக்க ஒதுங்கிக்கொள்ள முழு வீச்சு. நொடிக்கு நொடி மாறும் பேலன்ஸ் இது. அதைச் செய்யும் திருகு வாசிப்பவரின் கையில் இருக்கிறது. மைக் வந்ததும் இன்னொரு திருகு முளைக்கிறது, அது மைக்செட்காரரிடம். அவர் தொடக்கத்தில் ஒரு அளவு வைத்துவிட்டு டீ குடிக்கப் போய்விடுகிறார். மணி ஐயரின் சண்டை இந்த இரண்டாவது திருகோடு என்றுதான் நான் புரிந்துகொள்கிறேன். இன்றைக்கும் கச்சேரி மேடையில் பாருங்கள், ஒவ்வொருவரும் விரலை மேலே காட்டி 'எனக்குக் கொஞ்சம் ஏத்துங்க' என்கிறார்கள். பக்கத்தில் இருப்பவருக்கு இறக்கச் சொல்லி யாரும் விரல் காட்டுவதில்லை :-)

ஆனாலும் நான் மணி ஐயர் கட்சியில் பாதி ஆள்தான். மறு பாதியை எடுத்துக்கொண்டவர் அதே பாலக்காட்டுக்காரர், மஞ்சப்ராவில் 1923ல் பிறந்த எம்.டி.ராமநாதன். டைகர் வரதாச்சாரியாரின் சீடர், கலாக்ஷேத்ராவில் பாடம் சொன்னவர். கிணற்றடியிலிருந்து வருவது போன்ற குரல், அதை இன்னும் கீழே வைத்துக்கொண்டு, மாட்டுவண்டி வேகத்தில் பாடுவார். ஐந்து கட்டை யுகத்தில் இந்தக் குரலை மூன்றாவது வரிசைக்கு அப்பால் யார் கேட்டிருப்பார்கள்? மைக் இருந்ததால்தான் அப்படி ஒரு சங்கீதம் சாத்தியமானது என்பது என் கட்சி. ஒரே ஜில்லாவில் மைக்கை வேண்டாம் என்றவரும் மைக் இல்லாவிட்டால் நமக்குக் கிடைத்திருக்காதவரும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மைக் இல்லாத கச்சேரி முன்வரிசைக்கு நன்றாகக் கேட்கும். கல்பாத்தி அக்ரஹாரத்துத் திண்ணைகளில் முன்வரிசை யாருக்குக் கிடைத்தது என்பது நமக்குத் தெரியாததல்ல. வேலிக்கு வெளியே நின்றவனுக்குக் குழாய் ஸ்பீக்கர்தான் சங்கீதத்தைக் கொண்டுவந்து கொடுத்தது. மணி ஐயரின் மிருதங்கங்களைச் செய்து கொடுத்தவர் தஞ்சாவூரில் தலித் கிறிஸ்தவக் குடும்பத்தில் வந்த பர்லாந்து. தோலைத் தேர்ந்து, வாரை இழுத்து, அந்த நாதத்தை உருவாக்கியதில் அவருக்குப் பெரிய பங்கு. அந்தப் பெயர் மேடையில் ஒலித்ததில்லை. டி.எம்.கிருஷ்ணா 2020ல் 'செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்' என்ற புத்தகத்தில் இந்தக் குடும்பங்களைப் பற்றி விரிவாக எழுதிய பிறகுதான் பலருக்கும் தெரிந்தது. அதுவும் ஒரு பேலன்ஸ் பிரச்சினைதான்.

எல்லையின் தெற்குப் பக்கம், இடுக்கி மலையில், கதை வேறு மாதிரி. மூணாறு எஸ்டேட்களில் தமிழ்த் தொழிலாளர் குடும்பங்கள் வரிசை வீடுகளில் இருக்கிறார்கள். அந்த வீடுகளுக்கு லயம் என்று பெயர். கச்சேரியில் லயம் என்றால் தாளக்கட்டு, மூணாறில் லயம் என்றால் பத்துக்குப் பத்து அறை. தடுப்புச் சுவருக்கு அந்தப்பக்கம் ரேடியோ பாடினால் இந்தப்பக்கம் பேச்சு நிற்கும். இங்கே யார் கையிலும் திருகு இல்லை, பக்கத்து வீட்டு மனசுதான் திருகு. தேவிகுளம் வானொலி நிலையம் மலையாளத்தோடு தமிழிலும் ஒலிபரப்புவது இந்த மக்களுக்காகத்தான்.

ரேடியோ என்றதும் ஒன்று. பாட்டு ஓடிக்கொண்டிருக்கும், அறிவிப்பாளர் பேசத் தொடங்குவார், பாட்டு தானாகப் பம்மும், அவர் முடித்ததும் மறுபடி நிமிரும். நிலையத்தில் ஒருவர் கையால் செய்த இந்த வேலையைப் பிறகு கருவியே செய்யத் தொடங்கியது. எக்ஸ்பாக்ஸ் அமைப்புகளில் 'சாட் மிக்ஸர்' என்று இருக்கிறதே, அது இந்த அறிவிப்பாளரின் பேரன்தான். நண்பன் பேசும்போது மட்டும் விளையாட்டுச் சத்தத்தைக் குறைக்கும். கை வைத்துக்கொண்டு சும்மா இருக்கத் தெரிந்த மிருதங்கக்காரரின் தூரத்துச் சொந்தம் என்றும் சொல்லலாம், ரொம்பத் தூரத்துச் சொந்தம்.

வீட்டில் பிள்ளைகள் இருப்பவர்களுக்கு இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. குண்டு வெடிப்பு, எஞ்சின் உறுமல் எல்லாம் அடித்தளச் சத்தங்கள். இவை பலமாக இருந்தால் தமக்கு மேலே உள்ள நுண்ணிய ஒலிகளை மூடிவிடும். பேச்சில் 'ச', 'த', 'க' மாதிரி மெய்யெழுத்துகள்தான் முதலில் காணாமல் போகும். சத்தம் கேட்கும், சொல் புரியாது. அப்போது பையன் செய்வது மொத்த வால்யூமையும் ஏற்றுவது. ஏற்றினால் குண்டும் சேர்ந்தே ஏறுகிறது. உலக சுகாதார நிறுவனம் சிறுவர்களுக்குச் சொல்லும் அளவு 75 டெசிபல், வாரத்துக்கு 40 மணி நேரம் வரை. பெரியவர்களுக்கு 80. ஒவ்வொரு 3 டெசிபல் ஏறும்போதும் பாதுகாப்பான நேரம் பாதியாகிவிடும். எனவே குரல் கேட்கவில்லை என்றால் குரலை ஏற்றக்கூடாது, விளையாட்டை இறக்க வேண்டும். பெரும்பாலான ஹெட்செட்களில் சக்கரம் நடுவில் இருந்தால் இரண்டும் முழு அளவில் இருக்கும். சாட் பக்கம் உருட்டினால் குரல் ஏறுவதில்லை, விளையாட்டுதான் இறங்குகிறது. மொத்த வால்யூம் வேறு திருகு. இந்த இரண்டையும் பிள்ளைகளுக்குப் பிரித்துச் சொல்லிக் கொடுத்தால் போதும்.

எங்கள் வீட்டில் சக்கரம் சாட் பக்கம் இரண்டு புள்ளி சாய்ந்து இருக்கிறது. தங்கமணியின் உத்தரவு, காதுக்காக மட்டும் அல்ல. சனிக்கிழமை காலையில் பையனோடு சேர்ந்து விளையாடுவது கொழிஞ்சாம்பாறையில் இருக்கும் என் தங்கை மகன். வீட்டுக்குள் நானும் தங்கமணியும் பேசும் தமிழ் அவனுக்குப் பழைய டெலிஃபோன் டைரக்டரி மாதிரி, பெரியவர்கள் சமாச்சாரம். அந்தப் பக்கத்திலிருந்து 'டேய், பின்னாடி வர்றான் பாரு, குனிஞ்சுக்கோ' என்று மலையாள இழுவையோடு வரும் தமிழ்தான் அவனுக்கு உயிர்ப்பான தமிழ். அதைச் சரியாகக் கேட்காவிட்டால் ஆட்டத்தில் செத்துவிடுவான் அல்லவா, அதனால் ஒரு சொல் விடாமல் கேட்கிறான். போன மாதம் 'குனிஞ்சுக்கோடா' என்று இவனே திருப்பிக் கத்தினான், அதே இழுவையோடு.