பிள்ளையின் எழுத்துப்பிழை சொல்வது என்ன?

கொப்பியில் 'மழை' என்பதை 'மளை' என்றும் 'கண்டேன்' என்பதை 'கன்டேன்' என்றும் பிள்ளை எழுதியிருந்தால், கவனமில்லை, படிப்பில் மந்தம் என்று முடிவு கட்டிவிடுகிறோம். ஆனால் எழுத்துப்பிழைகள் பெரும்பாலும் காரணமின்றி வருவதில்லை. பிள்ளை எதை அறிந்துவிட்டது, எது இன்னும் மீதி என்பதை அவை காட்டுகின்றன.

காதால் எழுதும் பருவம்

சிறுபிள்ளை முதலில் கிறுக்கும். பின்னர் தெரிந்த எழுத்துகளை அடுக்கும். எழுத்துக்கும் ஒலிக்கும் தொடர்பு உண்டென்று விளங்கியதும் கேட்டபடி எழுதத் தொடங்கும். பாடசாலை செல்லுமுன்னரே தாமாக எழுதிய சிறுவர்களின் ஆங்கில எழுத்தை ஆராய்ந்த அமெரிக்க ஆய்வாளர் சார்ள்ஸ் றீட், அவர்களின் பிழைகளில் ஓர் ஒழுங்கு இருப்பதை 1971இல் எடுத்துக்காட்டினார். வாயில் அருகருகே பிறக்கும் ஒலிகளையே அவர்கள் மாற்றி எழுதியிருந்தார்கள்.

நமது பேச்சிலும் ழகரம் பெரும்பாலும் ளகரமாகவே ஒலிக்கிறது. ஆகவே 'மளை' என்று எழுதும் பிள்ளை தன் காதுக்கு உண்மையாகவே எழுதுகிறது. மகரமும் ஐகாரமும் அதற்குத் தெரியும். ஓர் எழுத்துத்தான் மீதி.

பிழைகளின் வகைகள்

குறில், நெடில்: 'பாடம்' 'படம்' ஆகிவிடும். இரண்டையும் மாறி மாறிச் சொல்லவைத்து, பொருள் வேறுபாட்டைக் கேளுங்கள்.

கொம்பு: 'கே' என்பதில் ககர ஒலி முன்னும் ஏகார ஒலி பின்னும் கேட்கும். எழுதும்போதோ கொம்பு முன்னே வரும். இந்த முரண் பழக நாளெடுக்கும்.

மெல்லின எழுத்துகள்: இதற்கு விதி உண்டு. ங்க, ஞ்ச, ண்ட, ந்த, ம்ப, ன்ற என்ற ஆறு இணைகளும் மனதில் பதிந்தால் 'சங்கு', 'பஞ்சு', 'கண்டேன்', 'வந்தேன்', 'பாம்பு', 'கன்று' ஆகியவற்றில் பிழை வராது. தமிழ்ச் சொல்லின் முதலில் ந வரும். ன, ண வருவதில்லை.

ல, ள, ழ மற்றும் ர, ற: இங்கே விதி அதிகம் உதவாது. 'புலி, புளி', 'அரை, அறை' என்று பொருளோடு சேர்த்தும், 'மழை, மழைநீர், மழைக்காலம்' என்று சொற்குடும்பமாகவும் பழக்க வேண்டும். வாசிப்புக் கூடக் கூட, சொல்லின் சரியான உருவம் கண்ணில் பதியும்.

வீட்டில் செய்யக்கூடியவை

பக்கம் முழுவதையும் சிவப்பால் நிரப்பாமல் ஒரு தடவைக்கு ஒருவகைப் பிழையை மட்டும் எடுங்கள். சொல்லைப் பார்த்து, மூடி, எழுதி, ஒப்பிட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். நூறு தடவை எழுதும் தண்டனையில் கைதான் களைக்கும். அடிக்குப் பயந்த பிள்ளை தெரிந்த சொல்லை மட்டும் எழுதிவிட்டு நிறுத்திக்கொள்ளும்.

வன்னியில் 2008, 2009ஆம் ஆண்டுகளில் இடப்பெயர்வுகளுக்கு நடுவே எழுத்துப் பழகியவர்கள் பலர் இன்று பெற்றோர். புத்தகங்களைக் கைவிட்டு வந்து, செட்டிகுளம் முகாம்களில் மீண்டும் பாடம் தொடங்கியவர்கள் அவர்கள். 'எனக்கே எழுத்து சரிவராது, எப்படிச் சொல்லிக்கொடுக்கிறது?' என்ற தயக்கம் அவர்களில் சிலருக்கு உண்டு. சரியாக எழுதுவது பயிற்சியால் வருவது. அறிவை அளக்கும் கோல் அல்ல. பிள்ளை உரத்து வாசிக்கும்போது பக்கத்தில் இருந்து கேட்கப் பெரிய படிப்பு வேண்டியதில்லை. மேலே சொன்ன ஆறு இணைகளைப் பிள்ளையோடு சேர்ந்து நீங்களும் பழகலாம்.

எப்போது உதவி தேட வேண்டும்?

தரம் 3, 4 வந்த பின்னும் எழுத்துகளை விட்டுவிட்டு எழுதினால், ஒரே சொல்லை ஒவ்வொரு தடவையும் வெவ்வேறு விதமாக எழுதினால், வாசிக்கவும் சிரமப்பட்டால், முதலில் கண்ணையும் காதையும் பரிசோதியுங்கள். அவற்றில் குறையில்லை என்றால் டிஸ்லெக்சியா எனப்படும் வாசிப்புச் சிரமமாக இருக்கலாம். அதற்கும் புத்திக்கூர்மைக்கும் தொடர்பில்லை; தகுந்த பயிற்சியால் பிள்ளை முன்னேறும். நித்திரைக் குறைவும், வீட்டில் நிலவும் பயமும் துயரமும்கூடக் கவனத்தைக் குலைக்கும். வகுப்பாசிரியரிடம் கொப்பியைக் கொண்டுபோய்க் காட்டிப் பேசுங்கள். எந்தெந்தப் பிழை திரும்பத் திரும்ப வருகிறது என்று குறித்துக்கொண்டு போனால், எங்கிருந்து தொடங்குவது என்று அவருக்கும் தெரியும்.