எஸ்டெல்

ஜே. ஆர். ஆர். டோல்கீன் தம் கதைகளில் வரும் எல்ஃப் இனத்தாருக்காகப் படைத்த மொழிகளில் வழங்கும் பெயர்ச்சொல். பொருள்: தளராத நம்பிக்கை. 'உறுதியாக நில்' எனப் பொருள்படும் 'ஸ்டெல்' என்ற வேரோடு இதைத் தொடர்புபடுத்தினார் அவர்.

இச்சொல்லின் ஆழம் 'அத்ரபெத்' என்ற உரையாடலில்தான் தெரிகிறது. அவர் மகன் கிறிஸ்டோபர் பதிப்பித்து 1993-இல் வெளிவந்த 'மோர்காத்ஸ் ரிங்' தொகுதியில் அது இருக்கிறது. மூப்பறியாத எல்ஃப் அரசன் ஃபின்ராடும் முதுமை எய்திய மானிடப் பெண் ஆண்ட்ரெத்தும் மரணத்தைப் பற்றி விவாதிக்கிறார்கள். இளமையில் அவள் காதலித்தது ஃபின்ராடின் தம்பியை. அதனால் அங்கே தர்க்கத்தோடு காயமும் பேசுகிறது.

நம்பிக்கையை ஃபின்ராட் இரண்டாகப் பிரிக்கிறான். ஒன்று 'அம்திர்', அதாவது மேல்நோக்கிப் பார்த்தல். கார்மேகம் கண்டு மழையை எதிர்பார்ப்பதுபோல, தெரிந்த ஏதோ ஓர் ஆதாரத்தில் நிற்பது. ஆதாரம் கலைந்தால் அதுவும் கலையும். மற்றது எஸ்டெல். அது அனுபவத்தில் பிறப்பதில்லை. படைத்தவனாகிய எரு தன் மக்களைத் தன்னிடமிருந்து யாரும் பறிக்க விடமாட்டான் என்ற பற்றுறுதியில் பிறப்பது. ஆகவே உலக நடப்பு எதுவும் அதைத் தோற்கடிக்காது. ஆண்ட்ரெத் இதை எளிதில் ஏற்பதில்லை. அவளுடைய அந்த மறுப்புதான் உரையாடலுக்கே உயிர் என்பேன்.

'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையில் வரும் அரகார்ன் என்ற வீரனின் பிள்ளைப் பெயரும் இதுவே. தந்தையை இழந்த இரண்டு வயதுக் குழந்தையைப் பகைவர் கண்ணில் படாமல் காக்க, எல்ஃப் தலைவன் எல்ரண்டின் இல்லத்தில் எஸ்டெல் என்று அழைத்து வளர்த்தார்கள். இருபதாம் வயதில்தான் அவனுக்குத் தன் இயற்பெயர் தெரிந்தது.