காவல்காரரே ஐயத்துக்குரியவர்: நீலகிரிக் குறும்பர் கொலைகள் பற்றி ஒரு மறுவாசிப்பு

தமிழ்த் திரையும் சிறுவர் கதைகளும் வரைந்து தந்த சூனியக்காரி பெரும்பாலும் ஒரு கிழவி. கோத்தகிரி, அரவேணு வட்டாரத்தில் நூற்றாண்டுகளாக அந்த இடத்தில் நிறுத்தப்பட்டவர்களோ ஆண்கள்: மலைச்சரிவுக் காடுகளில் வாழ்ந்த குறும்பர்கள். இந்த வேறுபாட்டை ஆய்வுகள் போதிய அளவு பொருட்படுத்தவில்லை.

சூனியம் வைத்தார்கள் என்ற ஐயத்தில் நடந்த குறும்பர் கொலைகளுக்கு வழக்கமாகத் தரப்படும் விளக்கம் பொருளாதாரம் சார்ந்தது. தோட்டங்கள் காட்டைத் தின்றன, 1882-இன் சென்னை வனச் சட்டம் எஞ்சியதைப் பூட்டியது, மலைமேட்டு உழவரான படகரோடு குறும்பருக்கு இருந்த பழைய பண்டமாற்று உறவு முறிந்தது, அந்த முறிவில் அச்சம் வெறியானது என்பது அதன் சாரம். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் எல்லோரும் மேற்கோள் காட்டும் ஆதாரமே இதற்கு ஒத்துழைக்க மறுக்கிறது.

தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றிய எட்கர் தர்ஸ்டனின் 1909 தொகுப்பில் உள்ள சிறு குறிப்பு அது. 1835-இல் 48 குறும்பர்கள் கொல்லப்பட்டனர். 1875-இலும் 1882-இலும் அதைவிடக் குறைவானோர். 1900-இல் ஒரு குடும்பம் முழுவதும். மிகப் பெரிய எண்ணிக்கை முதலில் நிற்கிறது. அப்போது வனச் சட்டத்துக்கு இன்னும் 47 ஆண்டுகள் இருந்தன. காப்பித் தோட்டங்களும் இம்மலையில் பரவியிருக்கவில்லை. ஆங்கிலேயக் கலெக்டர் சல்லிவன் 1819-இலேயே கோத்தகிரி அருகே கன்னேரிமுக்குக்கு வந்துவிட்டாரே என்பார்கள். ஒரு கலெக்டரின் பங்களா பண்டமாற்றை முறித்துவிடாது. 48 என்ற எண்ணின் துல்லியத்தை நான் வலியுறுத்தவில்லை. காலவரிசையே போதும்.

அப்படியானால் அச்சத்தின் ஊற்று, உறவு முறிந்ததில் அன்று, உறவு நீடித்ததிலேயே இருந்திருக்க வேண்டும். படகர் ஊர்களில் முதல் ஏர் பூட்டவும் விதைப்பைத் தொடங்கிவைக்கவும் குறும்பர் அழைக்கப்பட்டார். பிற குறும்பர்களின் செய்வினையிலிருந்து ஊரைக் காப்பதும் அவர் பொறுப்பு. அதற்குக் கூலியாகத் தானியம் பெற்றார். காக்கத் தெரிந்தவருக்குக் கெடுக்கவும் தெரியும். நோய் வந்து மனிதரும் மாடும் சாகும்போது, காவலுக்குக் கூலி வாங்கியவரை நோக்கித்தானே முதல் கேள்வி எழும்?

1900 நிகழ்வை இவ்வாறே வாசிக்கிறேன். கொல்லப்பட்ட குடும்பத் தலைவர் வைத்தியத்துக்குப் பெயர்பெற்றவர். ஒரு படகர் ஊருக்கு நோயும் சாவும் கொண்டுவந்தவர் என்று நம்பப்பட்டார். இரண்டும் ஒரே மனிதரைப் பற்றிய மதிப்பீடுகள். குடும்பமே அழிக்கப்பட்டதற்கு, அந்த ஆற்றல் தகப்பனிடமிருந்து பிள்ளைக்கு இறங்கும் என்ற எண்ணம் காரணமாகலாம். குறிப்பு இதைச் சொல்லவில்லை, இது என் ஊகம். வட்டாரம் முழுவதும் கொன்றவர்கள் பக்கம் நின்றதால் துப்புத் துலங்குவதே கடினமாயிற்று, குற்றம் சாட்டப்பட்டோர் விடுதலையாயினர் என்பதோடு குறிப்பு முடிகிறது. இதைச் சட்டத்தின் இயலாமை என்று மட்டும் படிப்பது மேலோட்டம். ஐரோப்பாவில் சூனியக்காரிகளை நீதிமன்றமே விசாரித்துத் தண்டித்தது. இங்கே ஊர் தன் தீர்ப்பை நிறைவேற்றி முடித்த பிறகுதான் நீதிமன்றம் கூடியது. அதுவும் கொன்றவர்களை விசாரிக்க.

சூனியக்காரி என முத்திரை குத்துவதைத் தடுக்கும் பீகார் (1999), ஜார்க்கண்ட் (2001) சட்டங்களின் பின்னணியிலுள்ள பெண்களின் கதையை அப்படியே நீலகிரிக்குப் பொருத்துவோர் உண்டு. அங்கே கைம்பெண்ணின் நிலம் பல வழக்குகளில் உள்நோக்கமாக இருக்கிறது. குறும்பரிடம் படகர் கவர்ந்துகொள்ளத்தக்க விளைநிலம் என்ன இருந்தது?